நாய், மணல், செயின்

அமெரிக்காவில் யாராவது சைக்கிளிலிருந்து விழுந்தால், அந்தச் செய்தி சுற்றிச் சுற்றிப் பழவேற்காட்டு ஏரிக்கரையில் இருக்கும் எங்கள் வீட்டுக்கு வந்து சேரும். பெருமைக்காகச் சொல்லவில்லை, அதுதான் என் பிழைப்பு. மெடிக்கல் கோடிங் என்பார்கள். அங்கே அவசர சிகிச்சைப் பிரிவில் டாக்டர் எழுதிவைத்த சார்ட்டை நான் இங்கே உட்கார்ந்து படித்து, எந்த எலும்பு, இடமா வலமா, எப்படி அடிபட்டது என்று ஒவ்வொன்றுக்கும் எழுத்தும் எண்ணும் சேர்ந்த ஒரு குறி, அதாவது கோட், போட வேண்டும். அந்தக் குறியைப் பார்த்துத்தான் இன்ஷூரன்ஸ்காரர்கள் மேற்கொண்டு பேசுவார்கள். சென்னையில் தங்கிப் படித்துப் பரீட்சை எழுதி வேலைக்குப் போனேன். கொரோனா வந்தபோது கம்ப்யூட்டரைக் கையில் கொடுத்து ஊருக்கு அனுப்பினார்கள். அப்புறம் அவர்களும் கூப்பிடவில்லை, நானும் கேட்கவில்லை.

சைக்கிளில் விழுவதற்கு இத்தனை வகை உண்டா என்று ஆரம்பத்தில் சிரிப்பாக இருந்தது. நாய் குறுக்கே வந்து மோதினால் ஒரு கோட். சுவரிலோ மரத்திலோ மோதினால் வேறு. எதிலும் மோதாமல் தானாகச் சரிந்தால் அதற்குத் தனி. ஓட்டினவரா, பின்னால் உட்கார்ந்து போனவரா, ரோட்டிலா, ரோட்டை விட்டு வெளியிலா என்றெல்லாம் பிரித்து வைத்திருக்கிறார்கள். சிரிப்பு சீக்கிரம் நின்றுபோனது. எனக்குத் தெரிவதெல்லாம் வயதும் ஆணா பெண்ணா என்பதும்தான். ஆனாலும் நன்றாகப் பேசிக்கொண்டிருந்தார், வீட்டுக்குப் போனார், மறுநாள் காலையில் எழுப்ப முடியவில்லை என்று ஒரு சார்ட் வந்தால் அன்று முழுக்க எனக்குச் சோறு இறங்காது. நான் பிறவியிலேயே பயந்தாங்கொள்ளி. அந்தப் பயத்துக்குத் தீனி போடுகிற வேலையாகப் பார்த்துத் தேடிக்கொண்டேன்.

இந்த வேலையில் ஒரு கட்டுப்பாடு உண்டு. டாக்டர் எழுதாததை நான் ஊகித்து எழுதக் கூடாது. ஒரே சார்ட்டில் ஓரிடத்தில் ஒரு விதமாகவும் இன்னோரிடத்தில் வேறு விதமாகவும் இருந்தால், எனக்குச் சரியென்று பட்டதை எடுத்துக்கொள்ளவும் கூடாது. எழுதினவரிடமே திரும்பக் கேட்டு அனுப்ப வேண்டும். எது உண்மை, எது பொய் என்று தீர்ப்புச் சொல்வது என் வேலையில்லை.

நைனா, அதாவது என் அப்பா, விழுந்தது இறால் காலத்தில் ஒரு விடியற்காலை. படகுத்துறைக்கு ஐஸ் பெட்டியைக் கொண்டுபோய்ப் போட்டுவிட்டு வரேன் என்று சைக்கிளை எடுத்துக்கொண்டு போனவர், சைக்கிளைத் தள்ளிக்கொண்டு திரும்பி வந்தார். வலது காதுக்கு மேல் தோல் வழன்று ரத்தம் கழுத்து வரை இறங்கியிருந்தது. சட்டையில் ஒரு பக்கம் முழுக்க ஈரச் சேறு. சிறுபாலத்துக்குப் பக்கத்தில் விழுந்து கிடந்தவரை, அந்த வழியாக வந்த வலைக்காரர் ஒருவர் தூக்கி உட்கார வைத்திருக்கிறார். மணல் வாரிவிட்டது என்று அம்மாவிடம் சொல்லிவிட்டு நைனா கிணற்றடிக்குப் போய்விட்டார்.

நைனாவுக்கு நெஞ்சில் ஸ்டென்ட் வைத்திருக்கிறது. ரத்தம் உறையாமலிருக்க தினமும் மாத்திரை சாப்பிடுகிறார். சவரம் செய்யும்போது கீறினால்கூட ரத்தம் லேசில் நிற்காது. அப்படிப்பட்டவர் தலையில் அடிபட்டால் உள்ளே என்ன நடக்கலாம் என்று நான் படித்த சார்ட்டெல்லாம் ஒன்றன்பின் ஒன்றாகக் கண் முன்னால் வந்து நின்றன. ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றேன். தோல்தானே பெயர்ந்தது, மஞ்சளை வை என்று அம்மாவிடம் சொன்னார். அம்மாவும் வைத்தாள்.

அன்று ஆஸ்பத்திரிப் பேச்சை எடுத்தாலே அவருக்குக் கோபம் வந்ததற்குக் காரணம் இருந்தது. மறுநாள் எங்கள் பாடு. முகத்துவாரத்தை ஒட்டி இறால் நன்றாகப் படுகிற இடங்கள் ஏரியில் கொஞ்சம்தான். எல்லாரும் ஒரே நேரத்தில் அங்கே வலை கட்ட முடியாது. அதனால் குடும்பத்துக்கு ஒருவர் பேரைப் போட்டு, சீட்டெடுத்து, இன்னாருக்கு இன்ன இடம், இன்ன நாள் என்று ஊரில் முறை வைத்திருக்கிறார்கள். அதற்குத்தான் பாடு என்று பெயர். பேர் உள்ளவரே படகில் ஏற வேண்டும். அவரால் முடியாமல் போனால் மகனுக்கு மாற்றலாம், மகளுக்கு மாற்ற முடியாது. வீட்டில் நான் ஒரே பெண். நைனாவோடு எங்கள் பாடும் முடிந்தது என்பது எங்கள் மூன்று பேருக்கும் தெரியும், யாரும் வாய்விட்டுப் பேசுவதில்லை.

கொஞ்ச நேரத்தில் மாமா வந்தார். அம்மாவுக்கு ஒன்றுவிட்ட அண்ணன், நைனாவோடு ஒரே படகில் போகிறவர். எப்படி விழுந்தாய் என்று அவர் கேட்டதும் நைனா நாய் குறுக்கே வந்துவிட்டது என்றார். நான் உள்ளே ஒரு சார்ட்டைத் திறந்து வைத்துக்கொண்டு ஒரு வரியும் படிக்காமல் உட்கார்ந்திருந்தேன். நாய் என்றதும் என்னையறியாமல் அதற்குரிய கோட் மனதில் வந்துவிட்டது. அம்மாவிடம் சொன்ன மணலுக்கு வேறு கோட். மாமா போன பிறகு எதிர்வீட்டு அக்கா விசாரிக்க, அவளிடம் செயின் கழன்றுவிட்டது என்றார். நான் எழுந்துபோய் சைக்கிளைப் பார்த்தேன். செயின் கழன்றிருந்தால் மாட்டின கையில் மசி இருந்திருக்க வேண்டும். காலையில் வந்தபோது நைனா கையில் சேறுதான் இருந்தது, செயினும் நன்றாகவே இருந்தது.

ஆளுக்கொரு கதை சொல்கிறார் என்பது தெரு முழுக்கப் பரவ எவ்வளவு நேரம் ஆகும்? ஊர் உடனே முடிவு கட்டிவிட்டது. நைனா ஒரு காலத்தில் குடித்தவர்தான். ஸ்டென்ட் வைத்த அன்றோடு விட்டார். பழைய நண்பன் மறுபடி வந்துவிட்டானா என்று ஒருவர் வாசலில் நின்று கேட்டுவிட்டுப் போனார். அம்மா பாத்திரங்களை ஓங்கி ஓங்கி வைக்க ஆரம்பித்தாள். வாய் திறந்து திட்டியிருந்தால்கூடத் தேவலை. சாப்பாட்டு நேரத்தில் நைனா வீட்டுக்குப் பின்னால் போய் வாந்தி எடுத்தார். இன்னும் என்ன சாட்சி வேண்டும் என்பது போல அம்மா என்னைப் பார்த்தாள்.

அந்த வாந்திச் சத்தத்தில் எனக்கு உயிரே போய்விட்டது. தலையில் அடி, அதன்பின் வாந்தி. எத்தனை சார்ட்டில் பார்த்திருப்பேன். கூடவே ஒன்று புரிந்தது. நான்கூட அதுவரை நைனா எதையோ மறைக்கிறார் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன். மணல் சரியா, நாய் சரியா, செயின் சரியா என்று மனதுக்குள் விசாரணை நடத்திக்கொண்டிருந்தேனே தவிர, மூன்றும் ஏன் வேறு வேறாக இருக்கின்றன என்று சொன்னவரிடமே கேட்கவில்லை. பொய் சொல்கிறவர் ஒரே பொய்யை எல்லாரிடமும் சொல்லிவிட்டுப் போகலாமே. எங்கள் நைனா அவ்வளவு மடையர் இல்லை.

பின்பக்கம் போனேன். முருங்கை மரத்தைப் பிடித்துக்கொண்டு குனிந்து நின்றார். முகத்தில் தண்ணீர் அடித்துவிட்டு, விழுந்தது ஞாபகம் இருக்கிறதா என்று கேட்டேன். கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். மறுபடி கேட்டேன். இந்த முறை என்னைப் பார்க்காமல் பேசினார்.

"வண்டில ஏறி பெடல மிரிச்சது தெரியும் பாப்பா. அப்பறம் அந்த ஆளு என்னத் தூக்கி ஒக்கார வச்சது தெரியும். நடுவுல இன்னா நடந்துச்சுனு ஒண்ணியும் தெர்ல."

நாயும் மணலும் செயினும் அவர் கேட்கிறவர்களுக்காக அவ்வப்போது எடுத்துக் கொடுத்தவை. எதைச் சொன்னோம் என்பதும் அவருக்கு மறந்துபோயிருந்தது. அப்படியென்றால் குடித்துவிட்டு விழுந்ததாக ஊரே பேசுகிறதே, அதற்காவது இல்லையென்று சொல்லக் கூடாதா என்று எனக்கு அழுகையும் ஆத்திரமுமாக வந்தது.

"பேசட்டும் உடு. குடிச்சான்னா நாளிக்குத் தெளிஞ்சிடும்னு உட்டுடுவானுங்க. நெனவு தப்பிச்சுனு தெரிஞ்சா படகுல கால வைக்க உடமாட்டானுங்க."

உண்மைதான். நான் பள்ளிக்கூடத்தில் படித்தபோது, வலிப்பு வருகிற ஒருவர் வலை இறக்கும்போது தண்ணீரில் விழுந்தார். அவரைப் பிடிக்கக் குதித்தவரும் திரும்பவில்லை. அதற்குப் பிறகு ஊர் கூடி ஒரு கட்டு போட்டது. ஒரு தடவை நினைவு தப்பினவரைக்கூடப் பிறகு படகில் ஏற்றுவதில்லை, பாடு முறையிலிருந்து அவர் பேரை எடுத்துவிடுவார்கள். குடிகாரனுக்கு அந்தக் கட்டு கிடையாது. குடித்துவிட்டு வந்தால் அன்றைக்குக் கரையிலேயே இறக்கிவிட்டுக் கன்னாபின்னாவென்று திட்டுவார்கள். அடுத்த முறைக்கு அவன் தெளிந்து வந்து நின்றால் ஏறிக்கொள்ளலாம்.

எனக்கு அப்போது பாடும் வேண்டாம், இறாலும் வேண்டாம், நைனா மறுநாள் கண் விழித்தால் போதும் என்றிருந்தது. யாரிடமும் எதுவும் சொல்ல மாட்டேன், கிளம்பு, மாத்திரை வாங்கிக்கொண்டு உடனே வந்துவிடலாம் என்று சத்தியம் பண்ணினேன். அந்தச் சத்தியத்தைக் காப்பாற்றும் எண்ணம் எனக்குத் துளியும் இல்லை. மாமாவிடம் ஒரு லோடு ஆட்டோ இருந்தது. அவரை விட்டால் வேறு வண்டிக்கு எங்கே போவது? நைனாவை முன்னால் உட்கார வைத்து, நானும் அம்மாவும் பின்னால் ஐஸ் பெட்டிகளுக்கு நடுவில் ஏறிக்கொண்டோம்.

பொன்னேரி போகும்வரை ரோட்டில் ஒவ்வொரு பள்ளமும் என் மண்டைக்குள் விழுந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தெரிந்த நைனாவின் பிடரியைப் பார்த்தபடியே வந்தேன். தலை கொஞ்சம் சாய்ந்தாலும் கண்ணாடியைத் தட்டி, நைனா, நைனா என்று கத்தினேன். இன்னா என்று எரிச்சலோடு திரும்புவார். அந்த எரிச்சல் எனக்கு அமிர்தமாக இருந்தது. ஒரு தடவை தட்டியும் திரும்பவில்லை. மாமா தோளைப் பிடித்து உலுக்கின பிறகுதான் திரும்பினார். அம்மா அப்போதுதான் என் முகத்தைச் சரியாகப் பார்த்தாள். குடியில்லையா என்று மெல்லக் கேட்டாள். இல்லையென்று தலையை ஆட்டினேன். வழி முழுக்க முந்தானையைக் கடித்துக்கொண்டு வந்தாள்.

பொன்னேரி ஆஸ்பத்திரியில் இருந்த டாக்டர் சின்னப் பெண். என்னைவிட இளையவளாக இருப்பாள். எப்படி விழுந்தீங்க என்றாள். நைனா நாய் என்றார். அம்மா சும்மா இருக்காமல், மணல்னு சொன்னியே என்றாள். டாக்டர் பேனாவை நிறுத்திவிட்டு எங்களை மாறி மாறிப் பார்த்தாள். அவள் இப்போது எதை எழுதுகிறாளோ அதுதான் இனி நைனாவுக்கு நடந்தது. நாய் மோதி விழுந்தார், தோல் சிராய்ப்பு என்று எழுதி ஊசி போட்டு அனுப்பிவிட்டால் தீர்ந்தது. அப்படி அனுப்பப்பட்டவர்களின் சார்ட்டுகளை நான் படித்திருக்கிறேன்.

மாமா வாசல் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார். நைனா என்னைத்தான் பார்த்தார். வேண்டாம் என்று அந்தப் பார்வை கெஞ்சியது. எங்கள் நைனா யாரிடமும் கெஞ்சி நான் பார்த்ததில்லை.

"விழுந்தது அவருக்கு ஞாபகமே இல்ல மேடம். நெனவு தப்பியிருக்கு. ரத்தம் கட்டாம இருக்க மாத்திர சாப்புடறாரு. மத்தியானம் வாந்தி எடுத்தாரு."

சொல்லி முடித்துவிட்டு நான் மாமா பக்கம் திரும்பவில்லை. டாக்டர் அதற்குமேல் பேச்சை வளர்க்காமல் ஸ்கேனுக்கு எழுதினாள். தலைக்குள் ரத்தம் கசிந்திருந்தது. உடனே சென்னைக்கு அனுப்பினார்கள். அங்கே மாத்திரையை நிறுத்தி, படுக்க வைத்து, திரும்பத் திரும்ப ஸ்கேன் எடுத்துப் பார்த்தார்கள். கசிவு பெருகவில்லை. அறுவை சிகிச்சை வேண்டியிருக்கவில்லை. இன்னும் தாமதித்திருந்தால் என்று பெரிய டாக்டர் ஆரம்பித்தார். அம்மா இரண்டு கையையும் எடுத்துக் கும்பிட்டு, அதுக்கு மேல சொல்லாதீங்க சார் என்றுவிட்டாள்.

ஒன்றை மட்டும் நான் பெரிய டாக்டரிடம் விடாமல் கேட்டேன். மயக்கம் வந்ததால் விழுந்தாரா, விழுந்ததால் மயக்கம் வந்ததா? என் வேலையில் இது பெரிய வித்தியாசம். எது முதலில் என்பதைப் பொறுத்துக் கோட்டின் வரிசையே மாறும். ஆனால் அப்போது நான் கோட்டுக்காகக் கேட்கவில்லை. முதலாவது என்றால் அது மறுபடியும் வரும். நெஞ்சுப் பரிசோதனை, நரம்புப் பரிசோதனை எல்லாம் நடந்தது. எல்லாம் சரியாகவே இருந்தது. விழுந்ததை யாரும் பார்க்கவில்லை, அவருக்கும் ஞாபகம் இல்லை, எங்களால் அதைச் சொல்ல முடியாது என்றார்கள். படகைப் பற்றிக் கேட்டதற்கு, சில மாதம் கூடவே கூடாது, அதன்பிறகு அவர் பாடு, ஜாக்கிரதையாகப் போகட்டும் என்றார்கள்.

ஜாக்கிரதையாகப் போவதற்குப் படகு இருக்க வேண்டுமே. மாமா காதால் கேட்டாகிவிட்டது. படகில் உடன் போகிறவர் அவர். நினைவு தப்பினவரோடு போவது அவர் உயிருக்கும் ஆபத்து. அவர் ஊரில் சொல்லிவிட்டால் நான் குறை சொல்ல முடியாது. நைனா ஆஸ்பத்திரியில் இருந்த நாளெல்லாம் என்னோடு பேசவில்லை. கஞ்சியை நீட்டினால் வாங்கிக்கொள்வார். பாத்திரத்தை அம்மாவிடம்தான் கொடுப்பார். பேசாவிட்டால் போகட்டும், முறைத்துக்கொண்டு உயிரோடு இருக்கட்டும் என்று நானும் வீம்பாக இருந்தேன்.

ஊருக்குத் திரும்பியதும் கூட்டம் போட்டார்கள். பாடு நாளில் வராமல் போனதற்குக் காரணம் சொல்லியாக வேண்டும். பெண்கள் தள்ளி நின்று கேட்டோம். நைனா தலையில் கட்டோடு எழுந்து நின்றார். என்னப்பா விஷயம் என்று தலைவர் மாமாவைக் கேட்டார். மாமா துண்டை எடுத்து மூக்கைத் துடைத்துக்கொண்டார்.

"இன்னாத்த சொல்றது. குடிச்சிட்டு உழுந்து மண்டைய ஒடச்சிக்கினாரு."

கூட்டத்தில் சிரிப்பு. இந்த வயதில் இது தேவையா, பெண்ணைப் பெற்றவனுக்கு வெட்கமில்லையா என்று ஆளாளுக்குத் திட்டினார்கள். அந்த முறை பாடு போனது போனதுதான் என்று முடிவானது. பேரை எடுக்கவில்லை. நைனா குனிந்த தலை நிமிராமல் எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டார். வீட்டுக்கு வந்து, நாள் கணக்கில் பேசாமலிருந்தவர், எனக்கு ஒரு டீ போடு பாப்பா என்றார். நான் அடுப்பங்கரையில் நின்று அழுது தீர்த்துவிட்டுத்தான் டீ போட்டேன்.

சந்தோஷம் அந்த டீயோடு சரி. டாக்டர் சொன்ன மாதங்கள் முடிந்ததும் அவர் மறுபடி படகில் போகத் தொடங்கினார். எங்கள் பாடு நாளில் என்னால் வேலை செய்ய முடிவதில்லை. ஜன்னல் வழியாக ஏரியைப் பார்ப்பதும் திரைக்குத் திரும்புவதுமாக இருப்பேன். முதலில் மயக்கமா, முதலில் விழுந்ததா? அந்தக் கேள்விக்கு இன்னும் பதில் வரவில்லை. படகில் மயக்கம் வந்தால் இரண்டு பேரும் போவார்கள் என்று மாமாவிடமே போய்ச் சண்டை போட்டேன். அவர் கோபித்துக்கொள்ளவில்லை. நைனாவை ஓரத்தில் நிற்க விடுவதில்லை, வலை இறக்குவது நான், அவர் நடுவில் உட்கார்ந்து கயிறு விடுவதோடு சரி, மேலே மிதவைச் சட்டையும் மாட்டிவிட்டிருக்கிறேன் என்றார். மிதவைச் சட்டை எதற்கு என்று யாராவது கேட்டால், குடிகாரனை நம்ப முடியுமா என்று சொல்கிறாராம்.

அம்மா தன் பங்கை அமர்க்களமாகச் செய்கிறாள். மாதத்தில் ஒரு நாளாவது வாசலில் நின்று, இந்தக் குடிகாரனக் கட்டிக்கினு நா பட்ட பாடு என்று தெருவே கேட்க ஒரு மூச்சு அழுதுவிட்டு உள்ளே வருவாள். நைனா மோரைக் குடித்துக்கொண்டு அதைக் கேட்டுக்கொண்டிருப்பார்.

போன வாரம் தலைவர் வீட்டுக்கு வந்தார். தன் ரத்தப் பரிசோதனைச் சீட்டை என்னிடம் காட்டி அர்த்தம் கேட்டார். நான் டாக்டர் இல்லை பெரிப்பா என்று எத்தனை தடவை சொன்னாலும் ஊரில் யாரும் நம்புவதில்லை. தெரிந்ததைச் சொன்னேன். போகும்போது செருப்பை மாட்டிக்கொண்டே, ஒங்க நைனா இப்ப எப்டிமா, உட்டுட்டாரா என்று அக்கறையாகக் கேட்டார். நல்ல மனிதர். நிஜமாகவே கவலைப்படுகிறார்.

விட்டுவிட்டார் என்று சொல்ல வாயெடுத்தேன். சட்டென்று பயம் வந்தது. விட்டுவிட்டவர் இன்னொரு தடவை விழுந்தால் அப்போது எதைச் சொல்வது?

"கொறச்சிக்கினாரு பெரிப்பா. ஆனா முழுசா உட மாட்டாரு போல."

உச்சுக் கொட்டிவிட்டு, நீதான் எடுத்துச் சொல்லணும், படிச்ச பொண்ணு என்று சொல்லிவிட்டுப் போனார். சரி பெரிப்பா என்றேன். அன்றைக்கு எங்கள் பாடு. நைனா ஏரியில் இருந்தார், படகு இன்னும் கண்ணுக்குத் தெரியவில்லை.